காயம் எப்போது முடிகிறது? ஓர் ஏழாவது எழுத்தின் வரலாறு

அமெரிக்க மருத்துவ உலகத்தில் ரொம்ப நாளாகச் சுற்றிக்கொண்டிருக்கும் ஒரு ஜோக் உண்டு. அங்கே டாக்டர்களும் மருத்துவமனைகளும் காப்பீட்டுக்கு பில் அனுப்பும்போது, ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் ஒரு குறியீடு போட வேண்டும். அந்தப் பட்டியலில் வி97.33எக்ஸ்டி என்று ஒரு குறியீடு இருக்கிறது. அர்த்தம்: "ஜெட் எஞ்சினுக்குள் உறிஞ்சப்பட்டவர், சப்சிகுவென்ட் என்கவுன்டர்". ஒருத்தர் ஜெட் எஞ்சினுக்குள் ஒரு தடவை போய்த் தப்பித்ததே அதிசயம், அடுத்த தடவைக்கும் ஒரு குறியீடு வைத்திருக்கிறார்களே என்று சிரிப்பார்கள்.

சிரிப்புக்குக் காரணம் அந்த "என்கவுன்டர்". நம்ம ஊரில் அந்த வார்த்தைக்கு போலீஸ் துப்பாக்கி என்று அர்த்தமாகிவிட்டது. மருத்துவ பில்லில் அதற்கு நோயாளியும் டாக்டரும் சந்திப்பது என்றுதான் பொருள். அதாவது அந்த மனிதர் இரண்டாவது முறை போனது எஞ்சினுக்குள் இல்லை, டாக்டரிடம். இப்படி ஆட்களும் நிஜத்தில் உண்டு. 1991-ல் ஓர் அமெரிக்க விமானந்தாங்கிக் கப்பலில் எஞ்சினுக்குள் இழுக்கப்பட்ட கடற்படை ஊழியர் ஒருவர் காயங்களோடு பிழைத்தார். காணொளி கூட இருக்கிறது. அவரைப் போன்ற ஒருவர் கட்டு பிரிக்கப் போனால் எந்தக் குறியீடு போடுவது? ஜோக் என்று நினைத்தது ஒரு நியாயமான கேள்வியாகிவிடுகிறது.

இந்தப் பதிவு அந்தக் கடைசி எழுத்தான 'டி' பற்றியது. மென்பொருள் வேலையில் இந்தக் குறியீடுகள் அடங்கிய தரவுகளைப் பார்க்க நேர்ந்ததிலிருந்து எனக்கு ஒரு கேள்வி விடாமல் இருந்தது. ஒரு நோய்ப் பட்டியலில் "மறுபடி வந்தார்" என்ற தகவலுக்கு என்ன வேலை? தேடிப் பார்த்தால் அதற்குப் பின்னால் முந்நூறு வருஷத்துக்கும் மேற்பட்ட கதை இருக்கிறது.

செத்தவர் மறுபடி வரமாட்டார்

உலகம் முழுக்க நோய்களுக்குப் போடும் குறியீட்டுப் பட்டியலின் பெயர் ஐசிடி, நோய்களின் பன்னாட்டு வகைப்பாடு. இது பிறந்தது நோயாளிகளுக்காக இல்லை, இறந்தவர்களை எண்ணுவதற்காக.

17-ஆம் நூற்றாண்டு லண்டனில் வாராவாரம் சாவுப் பட்டியல் அச்சாகும். யார் வீட்டில் சாவு விழுந்தாலும் தேவாலய வட்டாரத்திலிருந்து வயதான பெண்கள் போய் உடலைப் பார்த்து என்ன காரணம் என்று சொல்வார்கள். 1662-ல் ஜான் கிரான்ட் என்ற துணி வியாபாரி அந்தப் பட்டியல்களையெல்லாம் சேர்த்து வைத்துக் கணக்குப் போட்டு ஒரு புத்தகம் எழுதினார். மக்கள்தொகைப் புள்ளியியலின் தொடக்கம் என்று இன்றைக்கும் அதைத்தான் சொல்கிறார்கள். அவர் டாக்டரும் இல்லை, பேராசிரியரும் இல்லை. என்னை மாதிரி ஓய்வு நேர ஆராய்ச்சிக்காரர்களுக்கு அவர்தான் குலதெய்வம்.

1837-க்குப் பிறகு இங்கிலாந்தின் பிறப்பு இறப்புப் பதிவு அலுவலகத்தில் வேலை பார்த்த வில்லியம் ஃபார் இதை ஒழுங்குபடுத்தினார். கொள்ளை நோய்கள், உடல் முழுக்கப் பரவும் நோய்கள், குறிப்பிட்ட உறுப்பின் நோய்கள், வளர்ச்சி சம்பந்தப்பட்டவை, வன்முறையாலும் விபத்தாலும் வருபவை என்று ஐந்து பெரும் பிரிவுகள். ஆக, காயத்துக்கு ஆரம்பத்திலிருந்தே தனி அறை இருந்தது. 1893-ல் சிகாகோவில் நடந்த பன்னாட்டுப் புள்ளியியல் கழகக் கூட்டத்தில் பாரிஸ் நகரப் புள்ளியியல் அதிகாரி ஜாக் பெர்த்தியோன் ஒரு சாவுக் காரணப் பட்டியலை முன்வைத்தார். இன்றைய ஐசிடியின் நேரடி மூதாதை அதுதான். (குற்றவாளிகளின் உடலை அளந்து அடையாளம் காணும் முறையைக் கண்டுபிடித்த அல்ஃபோன்ஸ் பெர்த்தியோன் இவருடைய அண்ணன் தம்பிகளில் ஒருவர். வீடே வகைப்படுத்தும் வீடு போல.)

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். சாவுப் பட்டியலில் ஓர் ஆளுக்கு ஒரு வரிதான். ஒரு தடவைதான் சாக முடியும். தரவுத்தள பாஷையில் சொன்னால், ஆளும் நிகழ்வும் பதிவும் மூன்றும் ஒன்றே. "இவர் புதுசா, பழைய கேஸா" என்ற கேள்வியே எழாது. 

1948-ல் உலக சுகாதார நிறுவனம் பொறுப்பேற்று ஆறாவது திருத்தத்தைக் கொண்டுவந்தபோதுதான், சாகாத நோய்களும் காயங்களும் முழுமையாகப் பட்டியலுக்குள் வந்தன. உயிரோடு இருப்பவர்கள் உள்ளே வந்ததும் பிரச்சினையும் கூடவே வந்தது. உயிரோடு இருப்பவர் திரும்பத் திரும்ப வருவார்.

பட்டியல் பில்லாக மாறியது

புள்ளிவிவரத்துக்கான பட்டியலாகவே இருந்திருந்தால் இது பெரிய தலைவலி ஆகியிருக்காது. அமெரிக்கா அதைப் பணத்தோடு கட்டியது.

அமெரிக்கர்கள் ஒன்பதாவது திருத்தத்தை எடுத்துத் தங்களுக்கு ஏற்ற மாதிரி விரித்து 1979-லிருந்து பயன்படுத்தினார்கள். 1983-ல் முதியோருக்கான அரசுக் காப்பீடான மெடிகேர், உள்நோயாளிகளுக்கு "இந்த நோய் வகைக்கு இவ்வளவு" என்று மொத்தமாகப் பணம் கொடுக்க ஆரம்பித்தது. அன்றிலிருந்து மருத்துவமனை வருமானம் குறியீட்டைப் பொறுத்ததாகிவிட்டது. 1988-ல் வந்த ஒரு சட்டம் டாக்டர்களும் தங்கள் பில்லில் நோய்க் குறியீடு போட வேண்டும் என்றது. வேடிக்கை என்னவென்றால், அந்தச் சட்டத்தின் பெரும்பகுதியை அடுத்த வருஷமே ரத்து செய்துவிட்டார்கள். குறியீடு போடும் கட்டாயம் மட்டும் தங்கிவிட்டது.

இப்போது ஒரு உதாரணம் எடுத்துக்கொள்வோம். வழுக்கி விழும்போது கையை ஊன்றினால் மணிக்கட்டுக்குக் கொஞ்சம் மேலே எலும்பு உடையும். 1814-ல், எக்ஸ்-ரே வருவதற்கு எண்பது வருஷம் முன்பே, டப்ளின் அறுவை மருத்துவர் ஆப்ரஹாம் காலிஸ் இதை விவரித்து எழுதினார். அவர் பெயரிலேயே காலிஸ் முறிவு என்கிறார்கள்.

பழைய ஒன்பதாவது திருத்தத்தில் இதற்கு இரண்டே குறியீடுகள். தோல் கிழியாத மூடிய முறிவு 813.41. தோல் கிழிந்த திறந்த முறிவு 813.51. வலது கையா இடது கையா என்று கூடச் சொல்ல முடியாது. கட்டுப் போட்டு ஆறு வாரம் கழித்து வந்தால் வேறு அத்தியாயத்தில் உள்ள "முறிவு ஆறும்போது பராமரிப்பு" என்ற குறியீடு. எலும்பு கூடவே இல்லை என்றால் 733.82. அந்த எண் "எலும்பு கூடவில்லை" என்று மட்டும் சொல்லும். எந்த எலும்பு என்று சொல்லாது. உடைந்த நாளில் மணிக்கட்டாக இருந்தது, ஆறு மாதத்தில் பெயரில்லாத ஏதோ ஒரு எலும்பாகிவிடும். அந்த இரண்டு பதிவுகளையும் ஒரே காயம் என்று இணைக்க உறுதியான வழி கிடையாது.

ஏழாவது எழுத்து

பத்தாவது திருத்தத்தை 1990-ல் உலக சுகாதார சபை ஏற்றுக்கொண்டது. அமெரிக்கா தன்னுடைய விரிவான வடிவத்தை அமல்படுத்த 2013, 2014 என்று தேதி வைத்துத் தள்ளிப்போட்டு, ஒருவழியாக 2015 அக்டோபர் 1-ல் மாறியது. நோய்க் குறியீடுகள் சுமார் 14,000-லிருந்து 68,000-க்கு மேல் போயின. இதில் பாதிக்கும் மேல் காயங்களுக்கான அத்தியாயத்தில் மட்டும் இருக்கின்றன. காரணம், உலக சுகாதார நிறுவனத்தின் மூலப் பட்டியலில் இல்லாத, அமெரிக்கர்கள் சேர்த்த ஏழாவது எழுத்து.

பெரும்பாலான காயங்களுக்கு இந்த எழுத்து மூன்றுதான். ஏ என்றால் தீவிர சிகிச்சை நடக்கும் கட்டம். டி என்றால் சிகிச்சை முடிந்து ஆறிக்கொண்டிருக்கும் கட்டம். எஸ் என்றால் காயம் விட்டுச்சென்ற பின்விளைவு.

எலும்பு முறிவுக்கு மட்டும் இது நீளும். வலது கை காலிஸ் முறிவு எஸ்52.531. முதல் சிகிச்சைக்கு எஸ்52.531ஏ. ஒழுங்காக ஆறிவருகிறது என்றால் எஸ்52.531டி. ஆறுவது தாமதமானால் கடைசி எழுத்து ஜி. எலும்பு கூடவில்லை என்றால் கே. கோணலாகக் கூடினால் இன்னொரு எழுத்து. திறந்த முறிவென்றால், ரமோன் குஸ்டிலோவும் ஜான் ஆண்டர்சனும் 1976-ல் வெளியிட்ட தர வரிசையின்படி காயத்தின் கடுமைக்குத் தகுந்த வேறு எழுத்துகள். மொத்தம் 16. வலது, இடது, குறிப்பிடப்படாதது என்று மூன்றால் பெருக்கினால் 48. இரண்டு குறியீடாக இருந்த காலிஸ் முறிவு நாற்பத்தெட்டாக ஆனது இப்படித்தான்.

மென்பொருள்காரன் கண்ணுக்கு இது கொஞ்சம் உறுத்தும். "நிலை" என்று தனியாக ஒரு பத்தி வைத்திருக்க வேண்டியதை அடையாள எண்ணின் வாலில் ஒட்டிவிட்டார்கள். ஆனால் ஒரு நன்மையையும் ஒத்துக்கொள்ள வேண்டும். முதல் ஆறு இடங்கள் கடைசிவரை மாறுவதில்லை. ஏ ஆனாலும் கே ஆனாலும் அது வலது மணிக்கட்டுதான். 733.82-ல் தொலைந்துபோன எலும்பு இங்கே தொலைவதில்லை.

"முதல்" என்றால் முதல் இல்லை

ஏ-க்கு ஆங்கிலத்தில் வைத்த பெயர் "முதல் சந்திப்பு", டி-க்கு "அடுத்த சந்திப்பு". இந்தப் பெயர்கள்தான் குழப்பத்துக்கெல்லாம் மூலம். இந்த டாக்டரிடம் முதல் தடவை வருகிறாரா என்பதே கேள்வி என்று நினைக்கத் தோன்றும். விதி அப்படி இல்லை. யார் பார்க்கிறார், எத்தனையாவது தடவை என்பது கணக்கில்லை. தீவிர சிகிச்சை நடக்கிறதா என்பதே கணக்கு. அவசரப் பிரிவில் தற்காலிகக் கட்டு போட்டு அனுப்பி, மறுநாள் எலும்பு டாக்டர் பார்த்து அறுவை செய்தாலும் இரண்டும் ஏ. ஆறு வாரம் கழித்து ஊர் மாறி, புது டாக்டரிடம் போய் மாவுக்கட்டைப் பிரித்தால், அவருக்கு நீங்கள் முதல் முறை நோயாளி. ஆனால் குறியீடு டி.

இன்னொரு விதி எனக்குப் பிடித்தது. காயம் பட்டு ரொம்ப நாள் டாக்டரிடமே போகாமல் இருந்து, எலும்பு கூடாத நிலையில் வருபவருக்கும் முதல் வருகையில் ஏ போடச் சொல்கிறார்கள். காலண்டர்படி அவர் காயம் பழையது. சிகிச்சைப்படி இன்றைக்குத்தான் ஆரம்பம். காசில்லாமலோ பயத்தாலோ தள்ளிப்போட்ட ஆள் இந்த விதியால் கணக்கில் சரியாக வருகிறார்.

இந்த எழுத்தைத் தேர்ந்தெடுக்கும் வேலையில் கணிசமான பங்கு நம் ஊரில் நடக்கிறது. சென்னையில் மெடிக்கல் கோடிங் பயிற்சி மையப் பலகைகளைப் பார்த்திருப்பீர்கள். பயோடெக், மைக்ரோபயாலஜி, நர்சிங் படித்த எத்தனையோ பிள்ளைகளுக்கு முதல் வேலை அதுதான். அண்ணன் மகள் ஒருத்தி அந்தத் துறையில் இருக்கிறாள். டாக்டர் குறிப்பில் ஆறுகிறதா இல்லையா என்று எழுதாவிட்டால் என்ன செய்வாய் என்று கேட்டேன்.

"நாமளா முடிவு பண்ணக் கூடாது சித்தப்பா. டாக்டரையே கேட்டு எழுதி வாங்கணும். அவர் எழுதலைன்னா அது நடக்கலைன்னு அர்த்தம்."

"மூடிய முறிவா திறந்த முறிவான்னு எழுதலைன்னா?"

"அதுக்கு ரூல் இருக்கு. மூடியதுன்னு எடுத்துக்கணும். எலும்பு விலகிச்சா இல்லையான்னு எழுதலைன்னா, விலகினதுன்னு எடுத்துக்கணும்."

ஏதோ ஓர் ஊரில் யாரோ ஒருத்தர் கீழே விழுகிறார். அவர் எலும்பு விலகியதா என்பதை, டாக்டர் மறந்துபோன பட்சத்தில், ஒரு விதிப் புத்தகம் தீர்மானிக்கிறது. அதைப் படித்து எழுத்தாக மாற்றுபவர் அந்தக் கையைப் பார்த்ததே இல்லை.

உடம்பின் நேரம், பணத்தின் நேரம்

இதுவரை பார்த்தது நோய்க் குறியீடு. அது "என்ன ஆச்சு" என்பதைச் சொல்லும். "என்ன செய்தோம்" என்பதற்கு வேறொரு பட்டியல் இருக்கிறது. அமெரிக்க மருத்துவச் சங்கம் 1966-லிருந்து வெளியிடும் சிபிடி. டாக்டருக்கு எவ்வளவு பணம் என்பதை இதுதான் முடிவு செய்கிறது. 1992-ல் மெடிகேர், ஹார்வர்டின் வில்லியம் ஷியாவ் குழுவின் ஆய்வை அடிப்படையாக வைத்து ஒரு கட்டண அட்டவணையைக் கொண்டுவந்தது. அதோடு நாடு முழுவதற்கும் ஒரே மாதிரியான ஒரு விதியும் வந்தது. அறுவை சிகிச்சைக் கட்டணத்துக்குள் அதற்குப் பிறகான வருகைகளும் அடக்கம். சிறியவற்றுக்கு 10 நாள் வரை, பெரியவற்றுக்கு 90 நாள்.

காலிஸ் முறிவை நிமிர்த்தாமல் வெறும் கட்டு மட்டும் போட்டுக் கவனித்தால் குறியீடு 25600. கத்தியே படவில்லை என்றாலும் அந்தப் புத்தகத்தில் அது அறுவை சிகிச்சை அத்தியாயத்தில் இருக்கிறது. 90 நாள் விதியும் பொருந்தும். பில்லைப் பார்த்து "எனக்கு எப்பய்யா ஆபரேஷன் பண்ணீங்க?" என்று நோயாளிகள் கேட்பது அங்கே சகஜம்.

அந்த 90 நாளுக்குள் நீங்கள் கட்டைக் காட்டப் போனால் அந்த வருகைக்குக் குறியீடு 99024. விலை பூஜ்யம். ஏற்கெனவே கொடுத்தாயிற்று என்று அர்த்தம். 91-வது நாள் தாண்டிப் போனால் அதே டாக்டர், அதே கை, அதே கேள்வி. ஆனால் சாதாரண வருகைக் குறியீடு, தனிக் கட்டணம். நோய்ப் பக்கத்தில் எழுத்து இரண்டு நாளும் டி-யாகவே இருக்கும்.

ஒரே காயத்துக்கு இரண்டு கடிகாரங்கள் ஓடுகின்றன. ஒன்று எலும்பு கூடுகிறதா என்று பார்க்கிறது. மற்றது தேதியைப் பார்க்கிறது.

இரண்டாவது கடிகாரத்தில் ஒரு ஓட்டை இருந்தது. கட்டணத்துக்குள் இத்தனை வருகைகள் அடக்கம் என்று முன்கூட்டியே கணக்கிட்டுப் பணம் கொடுத்தாயிற்று. அந்த வருகைகள் நடந்தனவா? பூஜ்ய விலைக் குறியீட்டை மெனக்கெட்டு யாரும் அனுப்புவதில்லை. அதனால் யாருக்கும் தெரியாது. அமெரிக்க சுகாதாரத் துறையின் தலைமை ஆய்வாளர் அலுவலகம் கண் அறுவை, எலும்பு தசை அறுவை போன்றவற்றின் பதிவேடுகளைத் தணிக்கை செய்தபோது, பல கேஸ்களில் பணம் கொடுக்கப்பட்ட அளவுக்கு வருகைகள் நடக்கவில்லை என்று தெரிந்தது. 2014-ல் மெடிகேர் இந்த மொத்தக் கட்டண முறையையே கைவிட்டு, வந்தால் வந்ததற்குத் தனித்தனியாகக் கொடுக்கலாம் என்று அறிவித்தது. 2015-ல் நாடாளுமன்றம் சட்டம் போட்டு அதைத் தடுத்தது. முதலில் தரவு சேகரியுங்கள் என்றது.

அதன்படி 2017 ஜூலையிலிருந்து 9 மாநிலங்களில், 10 பேரோ அதற்கு மேலோ உள்ள குழுக்களின் டாக்டர்கள் 99024-ஐக் கட்டாயம் பதிய வேண்டியதாயிற்று. தரவை ஆராய்ந்த ராண்ட் நிறுவனம் சொன்னது: 10 நாள் வகையில் எதிர்பார்த்த வருகைகளில் மிகச் சொற்பமே பதிவாகியிருந்தன, 90 நாள் வகையில் பாதிகூட இல்லை. டாக்டர்கள் தரப்பில், வருகை நடந்தது, பில் போடும் இடத்தில் பதியவில்லை என்ற வாதம் வந்தது. அதையும் தள்ளிவிட முடியாது. காசு வராத வரியை நிரப்புவதில் எந்த அலுவலகத்துக்கு ஆர்வம் இருக்கும்?

இதில் நஷ்டம் யாருக்கு? மூன்று மாதத்துக்குள் வலி தாங்காமல் நான்காவது தடவை போகும் நோயாளியை யோசித்துப் பாருங்கள். அந்த வருகையால் டாக்டருக்குப் புது வருமானம் கிடையாது. நல்ல டாக்டர் அதைப் பார்க்காமல் கவனிப்பார். ஆனால் ஏற்பாடே நல்ல மனசை நம்பி நிற்கிறது. மறுபக்கம், வருகைக்கு வருகை பணம் என்றால் தேவையில்லாமல் வரச் சொல்லும் ஆசை வரும். மொத்தக் கட்டணம் வந்ததே அதைத் தடுக்கத்தான். இரண்டு பக்கமும் நியாயம் இருப்பதால்தான் இது இழுத்துக்கொண்டே போகிறது.

எஸ் என்ற எழுத்து

கடைசியாக எஸ். காயம் ஆறிய பிறகும் தங்கிவிடும் தழும்பு, மடங்காத விரல், விடாத வலி. இதற்கு இரண்டு குறியீடு போட வேண்டும். முதலில் இன்றைய பிரச்சினை, அடுத்து அதற்குக் காரணமான பழைய காயம், எஸ் என்ற வாலோடு. இதற்கான விதியில் ஒரு வாசகம் இருக்கிறது: பின்விளைவுக் குறியீட்டைப் பயன்படுத்தக் கால வரம்பு எதுவும் கிடையாது. இருபது வருஷத்துக்கு முன்னால் உடைந்த மணிக்கட்டு இன்றைக்கு வலித்தாலும் எஸ்52.531எஸ் செல்லும். 90 நாளில் கதவை மூடும் பட்டியலுக்குப் பக்கத்திலேயே, கதவே இல்லாத இன்னொரு பட்டியல்.

எண்ணுவதற்கும் இது முக்கியம். ஒரு வருஷத்தில் எத்தனை பேருக்குக் கை உடைந்தது என்று பில் தரவிலிருந்து கண்டுபிடிக்க நினைப்பவர் டி-யையும் எஸ்-ஐயும் விலக்கிவிட்டு ஏ-யை மட்டும் எடுக்கலாம். அப்போதும் ஒரே ஆள் அவசரப் பிரிவு, அறுவை, மறு அறுவை என்று மூன்று ஏ வாங்கியிருப்பார். ஆகவே ஏ-க்களின் எண்ணிக்கை காயங்களின் எண்ணிக்கை ஆகாது. ஆளையும் தேதியையும் வைத்துத்தான் கோக்க வேண்டும். கிரான்ட் லண்டன் சாவுகளைக் கூட்டியபோது அவருக்கு இந்தத் தொல்லை இல்லை.

முழுசாகக் குணமானவருக்கு அந்தப் பதினாறு எழுத்துகளில் எதுவும் கிடையாது. அதற்கு வேறு அத்தியாயத்துக்குப் போக வேண்டும். இசட்87.81, "முன்பு எலும்பு முறிந்து ஆறிய வரலாறு உண்டு". அதையும் வேறு ஏதாவது பிரச்சினைக்காக அவர் டாக்டரிடம் போனால்தான் யாராவது எழுதுவார்கள். போகவே இல்லை என்றால் அவர் தரவில் கடைசியாக நிற்பது டி-யில்தான், என்றென்றைக்கும் ஆறிக்கொண்டே. உள்நோயாளிக் கட்டணத்துக்காக 1983-ல் வந்த அந்த வகைப்பாடு எப்படி உருவானது என்பது இதைவிட நீளமான கதை. நேரம் கிடைத்தால் அதைத் தனியாக எழுதுகிறேன்.